படம் முதலில் யாருக்கு?

1965-இல் ஒரு தொலைக்காட்சிப் படத்துக்காக ஜப்பானின் மினமாட்டாவுக்குப் போன ஆவணப்பட இயக்குநர் நோரியாகி சுச்சிமோத்தோ, கடலோரச் சிற்றூர் ஒன்றில் ஒரு தாயிடம் வசவு வாங்கினார். கருவிலேயே பாதரச நஞ்சேறிப் பிறந்த தன் பிள்ளையை இவர்கள் திருட்டுத்தனமாகப் படம்பிடித்துவிட்டார்கள் என்று அந்தத் தாய் நினைத்தார். ஓர் ஊருக்குள் கேமராவோடு நுழையத் தனக்கு என்ன உரிமை என்ற கேள்வி சுச்சிமோத்தோவை உலுக்கிவிட்டது. பெரிய படம் ஒன்றை எடுக்க அவர் மினமாட்டாவுக்குத் திரும்பியது 1970-இல்தான்.

அதே கேள்வி இன்று உலகெங்கும் எழுகிறது. சுரங்கமோ அணையோ ஆலையோ வந்து நிலமும் நீரும் கெட்ட இடங்களுக்குக் கலைஞர்கள் போகிறார்கள். ‘ஊர் மக்களோடு சேர்ந்து எடுத்த படம்’ என்ற வரி திரைவிழாக் கையேடுகளிலும் கலைக்கூடச் சுவர்களிலும் சர்வசாதாரணம் ஆகிவிட்டது. சேர்ந்து என்றால் எப்படிச் சேர்ந்து? பெரும்பாலான விவாதங்கள் கேமராவை யார் பிடித்தார்கள் என்பதில் இதற்கு விடை தேடுகின்றன. வெளியாள் பிடித்தால் சுரண்டல், ஊரார் பிடித்தால் நியாயம் என்பது அந்த அளவுகோல். எனக்கு அது போதவில்லை. கடந்த அறுபது ஆண்டுகளில் நடந்தவற்றைப் பார்க்கும்போது, படம் யாரை மனத்தில் வைத்துத் தொகுக்கப்பட்டது, முதலில் யார் முன்னால் ஓடியது, ஓடி முடிந்தபின் எடுத்தவர் எங்கே இருந்தார் என்பவைதான் எனக்குக் கனமாகப் படுகின்றன.

கனடாவின் கிழக்குக் கோடியில், நியூஃபவுண்ட்லாந்தை ஒட்டிக் கிடக்கிறது ஃபோகோ தீவு. அங்கே கரையோர மீன்பிடிப்பு நலிந்துகொண்டிருந்தது. சிறு மீனவ ஊர்களைக் காலிசெய்து மக்களைப் பெரிய ஊர்களுக்கு மாற்றும் திட்டத்தை அரசு நடத்திக்கொண்டிருந்தது. 1954 முதல் 1975 வரை அந்த மாகாணத்தில் சுமார் 30,000 பேர் அப்படி இடம்பெயர்ந்தார்கள். ஃபோகோவும் அந்தப் பட்டியலில் சேரும் நிலையில் இருந்த 1967-இல்தான் தேசியத் திரைப்பட வாரியத்தின் கோலின் லோ அங்கே போனார். அவர் சாதாரண ஆவணப்பட ஊழியர் இல்லை. ‘கொரால்’, ‘யுனிவர்ஸ்’ போன்ற படங்களால் வடிவ நேர்த்திக்குப் பேர்போன கலைஞர். நியூஃபவுண்ட்லாந்து மெமோரியல் பல்கலைக்கழகத்தின் டொனால்ட் ஸ்னோடன் அவருக்குத் துணை நின்றார்.

லோ அங்கே கற்றுக்கொண்ட பாடம் படத்தொகுப்பைப் பற்றியது. ஒருவர் சொன்னதை வெட்டி அடுத்தவர் சொன்னதோடு மோதவிட்டால் படம் விறுவிறுப்பாகும். ஆனால் படம் முடிந்தபிறகும் அந்த இருவரும் ஒரே தீவில்தான் வாழவேண்டும். அதனால் மோதவிடும் தொகுப்பை அவர் கைவிட்டார். ஒரு மனிதர், ஒரு நிகழ்ச்சி, ஒரு பேச்சு என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு சிறு படம் எடுத்தார். இப்படி இருபதுக்கும் மேற்பட்ட படங்கள் உருவாயின. பேசியவர் பார்த்துச் சம்மதித்த பிறகே அவை வெளியே போயின. மதத்தாலும் தொலைவாலும் பிரிந்து கிடந்த ஊர்களில் அவை மாறி மாறித் திரையிடப்பட்டன. பக்கத்து ஊர்க்காரர் என்ன நினைக்கிறார் என்பதை நேரில் கேட்டுக்கொள்ளாதவர்கள் திரையில் கேட்டார்கள். பிறகு படங்கள் அமைச்சர்களிடம் போயின. மீன்வள அமைச்சர் தந்த பதிலும் படமாக்கப்பட்டுத் தீவுக்குத் திரும்பி வந்தது. தீவில் கூட்டுறவுச் சங்கம் உருவானது, படகு கட்டும் தொழில் எழுந்தது, தீவு காலியாகவில்லை. இத்தனையும் படத்தால் நடந்தது என்று சொன்னால் அங்கே ஏற்கெனவே வேலைசெய்துகொண்டிருந்த ஊர்க்குழுவை மறைப்பதாகும். அந்தக் குழுவின் பேச்சு ஊர் ஊராகப் போய்ச்சேரப் படம் வழி செய்தது.

ஃபோகோவில் தொகுப்பு மேசையைத் தொட்ட தயக்கம் மினமாட்டாவில் சுச்சிமோத்தோவின் வாழ்க்கையையே மாற்றியது. சிஸ்ஸோ நிறுவனத்தின் ஆலை, அசெட்டால்டிஹைடு தயாரிப்பில் உண்டான மெத்தில் பாதரசத்தைக் கடலில் விட்டுக்கொண்டிருந்தது. நோய் அதிகாரபூர்வமாகப் பதிவானது 1956 மே 1 அன்று. ஆலைக்கழிவுதான் காரணம் என்று அரசு ஒப்புக்கொண்டது 1968 செப்டம்பரில். இடைப்பட்ட பன்னிரண்டு ஆண்டும் மக்கள் அதே கடலில் மீன் பிடித்தார்கள், அதையே தின்றார்கள். 1969-இல் 29 குடும்பங்கள் நிறுவனத்தின் மீது வழக்குத் தொடுத்தன. அந்தக் குடும்பங்களைத் தேடிப் போன படம்தான் 1971-இல் வந்த ‘மினமாட்டா: நோயாளிகளும் அவர்களது உலகமும்’.

தலைப்பின் இரண்டாம் பாதியில்தான் படத்தின் உயிர் இருக்கிறது. நடுங்கும் கைகளையும் வளைந்த விரல்களையும் காட்டுவதோடு படம் நின்றுவிடவில்லை. முதிய மீனவர் ஒருவர் ஆழமில்லாத கடலில் இறங்கி ஈட்டியால் ஆக்டோபஸைக் குத்திப் பிடிக்கிறார், கண்களுக்கு நடுவே கடித்து அதைக் கொல்கிறார், அடுத்ததைத் தேடி நடக்கிறார். கோஷிரோ ஓட்சுவின் கேமரா அவசரப்படாமல் அவர் பின்னாலேயே போகிறது. நஞ்சூட்டப்பட்ட கடல் அவருக்கு அப்போதும் வேலைக்களம்தான், களிப்புக்கும் இடம்தான். இழந்தது எவ்வளவு என்பதை எந்த மருத்துவ அறிக்கையையும்விட இந்தக் காட்சி துல்லியமாகச் சொல்கிறது. படத்தின் முடிவுப் பகுதியில் நோயாளிகள் ஆளுக்கொரு பங்கு வாங்கி, யாத்திரிகர்களின் வெள்ளுடை அணிந்து, 1970 நவம்பரில் ஒசாகாவில் நடந்த சிஸ்ஸோவின் பங்குதாரர் கூட்டத்துக்குள் நுழைகிறார்கள். அந்தக் கூச்சலின் நடுவே கேமரா, நிறுவனத் தலைவருக்கு முன்னால் நிற்கும் நோயாளிகளின் பக்கம் நிற்கிறது.

இதோடு முடிந்திருந்தால் சுச்சிமோத்தோவை ஒரு பெரிய ஆவணப்படக்காரர் என்று சொல்லி நகர்ந்துவிடலாம். 1973-இல் நீதிமன்றத் தீர்ப்பு நோயாளிகளுக்குச் சாதகமாக வந்தது. 1975-க்குள் நோயின் மருத்துவ வரலாற்றைச் சொல்லும் மூன்று படங்களையும், ‘ஷிரனுயிக் கடல்’ என்ற படத்தையும் அவர் முடித்திருந்தார். அவை வெளிநாடுகளிலும் பேசப்பட்டன. ஆனால் அதே கடலின் எதிர்க்கரையில், அமாகுசா தீவுகளின் ஊர்களில், நோய் இருப்பதாகச் சொல்லவே யாரும் துணியவில்லை. சொன்னால் மீன் விலைபோகாது, பெண்ணுக்கு மாப்பிள்ளை கிடைக்காது. 1977-இல் சுச்சிமோத்தோ தன் படங்களைத் தூக்கிக்கொண்டு அந்தக் கரையோரம் ஊர் ஊராகப் போய்த் திரையிட்டார். கை மரத்துப்போவதும் பார்வை குறுகுவதும் முதுமையால் வந்தவை இல்லை, தாமும் இந்த நோயின் ஆட்களாக இருக்கலாம் என்பதை அந்த மக்கள் திரையைப் பார்த்து அறியவேண்டும் என்பது நோக்கம். தீர்ப்பு வந்து நான்கு ஆண்டு கழித்து, அரங்கமும் கைத்தட்டலும் இல்லாத கரைகளில், மிகத் தேவையான பார்வையாளரை அவர் தேடிப் போனார். சுற்றுச்சூழல் சினிமாவின் வரலாற்றில் இதற்கு ஈடாக இன்னொன்றை எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

பிறகு 1990-களின் நடுவில் அவரும் மனைவி மோட்டோகோவும் மினமாட்டாவில் தங்கி, இறந்துபோன நோயாளிகளின் உருவப்படங்களை வீடு வீடாகக் கேட்டு வாங்கிப் பிரதியெடுத்தார்கள். சில வீடுகள் மறுத்தன. பெயர் வெளியே தெரிவதில் இருந்த அச்சம் நாற்பது ஆண்டு கழிந்தும் போகவில்லை. அப்படிச் சேர்ந்த சுமார் 500 முகங்கள் 1996-இல் தோக்கியோவில் நடந்த மினமாட்டா கண்காட்சியில் வைக்கப்பட்டன. திட்டு வாங்கிய மனிதர், முப்பது ஆண்டு கழித்து, கதவைத் தட்டி அனுமதி கேட்டு நின்றார். கேமராவை அவர் ஒருநாளும் நோயாளிகளிடம் ஒப்படைக்கவில்லை. ஆனாலும் அந்தப் படங்கள் மினமாட்டாக்காரர்களுடையவை என்று சொல்ல எனக்குத் தயக்கமில்லை.

ஜப்பானிலேயே ஷின்சுகே ஒகாவா இன்னொரு வழியில் போனார். நரித்தா விமான நிலையத்துக்கு நிலம் எடுப்பதை எதிர்த்த உழவர்களோடு இருந்துவிட்டு, யமகத்தா மாநிலத்தின் மகினோ கிராமத்தில் குழுவோடு குடியேறி, நெல் பயிரிட்டுக்கொண்டே படமெடுத்தார். மண், குளிர்காற்று, பூக்கும் நெற்பயிர் என்று அந்தக் கிராமத்தை அவர் பார்த்த பார்வையை நாற்று நட்டவர் மட்டுமே பார்க்க முடியும். காலத்தைக் கொடுப்பதில் அவருக்கு நிகர் இல்லை. அந்தக் காலத்துக்கு அவரது குழுவினர், குறிப்பாக வீட்டுவேலைகளைச் சுமந்த பெண்கள், கொடுத்த விலையையும் இதைப் புகழ்கிறவர்கள் பேசவேண்டும்.

கேமரா முழுமையாக ஊர்க்காரர் கைக்குப் போன இடங்களும் உண்டு. தெலங்கானாவில் சாகீராபாத் அருகே பஸ்தாபூரில் இயங்கும் தக்காண வளர்ச்சிச் சங்கத்தில் 1990-களின் இறுதியில் தலித் பெண்கள் வீடியோ கற்றார்கள். பெரும்பாலோருக்கு எழுத்தறிவு இல்லை. சங்கத்தின் பி.வி. சதீஷ் தூர்தர்ஷனில் நிகழ்ச்சித் தயாரிப்பாளராக இருந்தவர். எழுத்தின் வழியே போகாமல் காட்சியின் வழியே இவர்கள் பேசமுடியும் என்று அவர் நம்பினார். மானாவாரி நிலத்தில் தினையும் சோளமும் பயறும் கலந்து விதைக்கும் பெண்கள் அவர்கள். ஆட்களைக் கண்மட்டத்தில் எடுக்கும் காட்சிக்கு ‘சங்கம் ஷாட்’ என்று பெயர் வைத்தார்கள். காரணம், சங்கத்தில் எல்லோரும் சமமாகத் தரையில் அமர்வார்கள்.

2002-இல் மரபணு மாற்றப்பட்ட பிடி பருத்தி இந்தியாவில் முதன்முறையாக அரசு அனுமதியோடு விதைக்கப்பட்டபோது இவர்கள் வாரங்கல் போய், அதே உழவர்களைப் பருவம் முழுக்கத் திரும்பத் திரும்பச் சந்தித்துப் படமெடுத்தார்கள். விதை வாங்கியபோது இருந்த நம்பிக்கை, செடி வளர்ந்தபோது வந்த ஐயம், அறுவடையின்போது எழுந்த கோபம் எல்லாம் வரிசையாகப் பதிவாயின. 2003-இல் படம் வந்தது. கேட்பவரும் உழவர், சொல்பவரும் உழவர் என்பதால் விடைகள் நேராக வந்தன. ஒரு ஏக்கருக்கு என்ன செலவானது, எத்தனை முறை மருந்தடித்தாய் என்று கேட்க இவர்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை. 2005-இல் அன்றைய ஆந்திரப் பிரதேசத்தில் மூன்று பிடி ரகங்களுக்கு அனுமதி நீட்டிக்கப்படவில்லை. அந்த முடிவுக்குப் பின்னால் பல ஆய்வுகளும் போராட்டங்களும் இருந்தன, இந்தப் படமும் அவற்றில் ஒன்று. ஆனால் பிற்காலத்தில் நாட்டின் பருத்திப் பரப்பில் தொண்ணூறு விழுக்காட்டுக்கு மேல் பிடி பருத்தியே ஆனது. படம் சரியாகச் சொன்னது என்பதால் சந்தை கேட்டுவிடுவதில்லை.

கனடாவின் ஆர்க்டிக் பகுதியில் உள்ள இக்லூலிக்கில் நிலைமை வேறு. அங்கே கலைஞரே ஊர்க்காரர். சக்கரியாஸ் குனுக் கல்லில் சிற்பம் செதுக்கி விற்ற காசில் 1981-இல் வீடியோ கேமரா வாங்கினார். அவருடைய ஊர், தங்கள் இனுயிட் மொழியில் நிகழ்ச்சி இல்லாத தொலைக்காட்சி எங்களுக்கு வேண்டாம் என்று இரண்டுமுறை வாக்களித்து மறுத்த ஊர். 1990-இல் அவரும் நண்பர்களும் தொடங்கிய இசுமா நிறுவனம் தன் மக்களையே முதல் பார்வையாளராக வைத்தது. ‘அடனார்ஜுவாட்’ 2001-இல் கான் விழாவில் முதல் படத்துக்கான தங்கக் கேமரா விருது பெற்றது அதற்கு அப்புறம் வந்த புகழ்.

சுற்றுச்சூழல் ஆய்வாளர் இயன் மோரோவோடு சேர்ந்து குனுக் 2010-இல் எடுத்த படம் காலநிலை மாற்றத்தைப் பற்றியது. அதில் விஞ்ஞானிகள் பேசுவதில்லை. இனுயிட் முதியவர்களும் வேட்டைக்காரர்களும் மட்டுமே தங்கள் மொழியில் பேசுகிறார்கள். சூரியன் பழைய இடத்தில் மறைவதில்லை, நட்சத்திரங்கள் இடம் மாறிவிட்டன, பூமி சாய்ந்துவிட்டது என்று வெவ்வேறு ஊர்க்காரர்கள் ஒன்றுபோலச் சொல்கிறார்கள். பூமி சாயவில்லை என்று அறிவியலாளர்கள் மறுத்தார்கள். காற்றடுக்குகளின் வெப்பம் மாறும்போது ஒளி வளைந்து, அடிவானத்தில் சூரியன் இடம்மாறித் தெரியும் என்ற விளக்கம் பிறகு முன்வைக்கப்பட்டது. முதியவர்களின் விளக்கத்தை ஏற்காதவர்களும் அவர்கள் கண்டதை ஏற்கவேண்டியிருந்தது. பனிக்கரடியைப் பற்றிப் பேசும்போது அவர்கள் சூழல் அமைப்புகளுக்கும் உவப்பானவர்களாக இல்லை. கரடி குறையவில்லை, மயக்க ஊசி போட்டுக் கழுத்தில் பட்டை கட்டும் ஆய்வுகள்தான் அதைக் கெடுக்கின்றன என்கிறார்கள். குனுக் அதை வெட்டி எறியவில்லை. வெளிநாட்டுப் பார்வையாளரைக் குளிர்விக்க நினைத்திருந்தால் முதலில் வெட்டுப்பட்டிருக்கக்கூடிய பகுதி அதுதான். ஒரு சமூகத்தோடு சேர்ந்து எடுத்தேன் என்று சொல்பவர், தனக்குப் பிடிக்காததை அந்தச் சமூகம் சொல்லும்போது என்ன செய்கிறார் என்று பார்த்தால் போதும்.

அதன்பின் பாஃபின் தீவின் மேரி ரிவர் இரும்புச் சுரங்கம் வந்தது. 2012-இல் நடந்த பொதுவிசாரணையில் குனுக் தலையிட்டார். ஆயிரக்கணக்கான பக்க ஆவணங்களைப் படிக்க முடியாத மக்களுக்கு, உள்ளூர் வானொலியும் இணையமும் வழியாக அவர்கள் மொழியிலேயே செய்தி போய்ச்சேர வழி செய்தார். சுரங்கம் வந்தேவிட்டது. 2019-இல் வெனிஸ் கலைவிழாவில் கனடாவின் அரங்கம் இசுமாவுக்குத் தரப்பட்டபோது, சுரங்க விரிவாக்கம் பற்றிய மக்களின் பேச்சைப் பனிவிளிம்பிலிருந்து நேரலையாக அனுப்பினார்கள். அந்த ஒளிபரப்பு வெனிஸுக்குப் போனதுபோலவே, இக்லூலிக் இருக்கும் நுனாவுட்டின் ஊர்களுக்கும் போனது. 2022 நவம்பரில் கனடிய அரசு அந்த விரிவாக்கத் திட்டத்தை நிராகரித்தது. வேட்டைக்காரர்கள் சுரங்கத்தின் பாதையை மறித்ததும், மீளாய்வு வாரியத்தின் பரிந்துரையும் அதற்கு முன் நடந்தவை. கலை இந்த வரிசையில் எங்கே நிற்கிறது என்று அளந்து சொல்ல முடியாது, வரிசையில் நின்றது என்பது நிச்சயம்.

ஒடிசாவில் திரைப்படக் கலைஞர் அமர் கன்வர் செய்தது இவை எல்லாவற்றிலும் சிக்கலானது. 1990-களின் இறுதியிலிருந்து அங்கே படமெடுத்துவந்தவர் அவர். 2000 டிசம்பரில் மைக்கஞ்சிலும் 2006 ஜனவரி 2 அன்று கலிங்கா நகரிலும் நிலத்தை விடமாட்டோம் என்ற ஆதிவாசிகள் மீது துப்பாக்கிச்சூடு நடந்தது. அவரது ‘த ஸீன் ஆஃப் க்ரைம்’ படத்தில் துப்பாக்கி இல்லை. புல் அசைகிறது, ஆற்றின்மேல் ஒளி நகர்கிறது, மரக்கிளை காற்றில் திரும்புகிறது. திரையில் தெரியும் இடங்கள் ஆலைக்கோ சுரங்கத்துக்கோ துறைமுகத்துக்கோ எடுக்கக் குறிக்கப்பட்ட நிலங்கள் என்று தெரிந்தபின், அந்த அழகைப் பார்க்கப் பார்க்க மனம் கனக்கிறது. குற்றம் நடந்த இடத்தில் போலீஸ் தேடாத சான்றுகள் என்னென்ன, கவிதை சாட்சி சொல்ல முடியுமா என்று கேட்கிறது இந்தப் பணி.

படத்தோடு கையால் செய்த காகிதப் புத்தகங்களும் நூற்றுக்கணக்கான நாட்டு நெல் ரக விதைகளும் சேர்ந்து ‘த ஸாவரின் ஃபாரஸ்ட்’ என்ற தொகுப்பு உருவானது. பத்திரிகையாளர் சுதீர் பட்நாயக்கும் வடிவமைப்பாளர் ஷெர்னா தஸ்தூரும் உடன் உழைத்தார்கள். 2012-இல் ஜெர்மனியின் காசெல் நகரில் டாக்குமென்டா கலைவிழாவில் அது வைக்கப்பட்டது. அதே ஆண்டு ஆகஸ்ட் 15 அன்று புவனேஸ்வரில், பட்நாயக்கின் சமதிருஷ்டி வளாகத்தில் அது திறக்கப்பட்டது. போராட்ட ஊர்களிலிருந்து வந்தவர்கள் அங்கே பார்த்துவிட்டுப் போகவில்லை, தாங்கள் வைத்திருந்த புகைப்படங்களையும் ஆவணங்களையும் விதைகளையும் சேர்த்தார்கள். இந்த மெல்லிய, மௌனமான படம் காசெல் பார்வையாளருக்கே பொருந்தும், ஊர்க்காரருக்கு இதில் என்ன இருக்கிறது என்ற விமர்சனம் உண்டு. நான் உடன்படமாட்டேன். உழவர்களுக்கு முழக்கம்தான் புரியும், புல் அசைவது புரியாது என்று நினைப்பதில் ஓர் அவமதிப்பு ஒளிந்திருக்கிறது.

தமிழ்நாட்டுக்கு வந்தால், பாதரசமே நம்மை மினமாட்டாவோடு இணைக்கிறது. கொடைக்கானலில் ஹிந்துஸ்தான் யூனிலீவரின் பாதரச வெப்பமானி ஆலை 2001-இல் மூடப்பட்டது. முன்னாள் தொழிலாளர்கள் பல ஆண்டுகள் போராடினார்கள். 2015-இல் சோஃபியா அஷ்ரஃப் பாடிய ‘கொடைக்கானல் வோன்ட்’ காணொலி இணையத்தில் தீயாய்ப் பரவியது. 2016 மார்ச்சில் நிறுவனம் 591 முன்னாள் தொழிலாளர்களோடு உடன்பாட்டுக்கு வந்தது. அந்தக் காணொலி ஆங்கிலத்தில் இருந்தது. நிறுவனத்தின் தலைமையையும் அதன் பொருட்களை வாங்கும் நகரத்தவரையும் நோக்கியே பேசியது. ஊர் மக்களே முதல் பார்வையாளர் என்று விதி போட்டால் இது அடிபட்டுப்போகும், ஆனால் இங்கே குறி சரியாகத் தேர்ந்தெடுக்கப்பட்டது. எதை எதிர்க்கிறோமோ அதன் காதில் விழவேண்டிய நேரம் வரும்போது, அதற்கென்றே ஒரு படம் வேண்டும். அது தொழிலாளர்களின் நீண்ட போராட்டத்தின் தோளில் ஏறி நின்றது என்பதை மறக்காதவரை அதில் பிழையில்லை. 2017-இல் கர்நாடக இசைப் பாடகர் டி.எம். கிருஷ்ணா எண்ணூர்க் கழிமுகத்தில் நின்று பாடிய ‘சென்னைப் பொறம்போக்குப் பாடல்’ காணொலியும் இந்த வகையைச் சேர்ந்தது. அனல்மின் நிலையச் சாம்பல் படிந்த நீர்நிலையை, அதுவரை அதைப் பார்த்தேயிராத சபா ரசிகர்களின் கண்ணுக்கு அது கொண்டுவந்தது.

ஆவணப்பட இயக்குநர் ஆர்.பி. அமுதன் வேறு வகை வேலை செய்தார். மணவாளக்குறிச்சி, கல்பாக்கம், கூடங்குளம் என்று மூன்று இடங்களில் கதிரியக்கத்தோடு வாழும் மக்களைப் பற்றி அவர் எடுத்த தொடர், மக்கள் தங்கள் பேச்சிலேயே தங்கள் நிலையைச் சொல்வதற்கு இடம் விடுகிறது. 1998 முதல் மதுரையில் அவர் நடத்திவரும் ஆவணப்பட, குறும்பட விழா, பெருநகர அரங்குகளுக்கு வெளியே பார்வையாளரை உருவாக்கும் பொறுமையான உழைப்பு.

நம்மிடம் குறைவது பின்வேலை. எண்ணூரையும் கடலூர் சிப்காட்டையும் தூத்துக்குடியையும் எத்தனையோ பேர் படமெடுத்திருக்கிறார்கள். எடுத்த மணிக்கணக்கான பதிவுகள் எடுத்தவர்களின் ஹார்ட் டிஸ்க்குகளில் கிடக்கின்றன. நிதி தரும் அமைப்புகள் படப்பிடிப்புக்கும் தொகுப்புக்கும் பணம் ஒதுக்குகின்றன. படம் முடிந்தபின் ஊர் ஊராகத் திரையிட, பேசியவர்களிடம் முதல் வெட்டைக் காட்டித் திருத்த, மூலப் பதிவுகளின் ஒரு பிரதியை ஊரில் பாதுகாக்க என்று பட்ஜெட்டில் ஒரு வரி அபூர்வமாகவே இருக்கிறது. பெரிய விழாக்கள் முதல் காட்சி தங்களிடம்தான் நடக்கவேண்டும் என்று கேட்கின்றன, அதற்காக ஊர்த் திரையிடல் மாதக்கணக்கில் தள்ளிப்போகிறது. இதை மாற்றப் பெரிய தத்துவம் தேவையில்லை. ஊரில் நடக்கும் திரையிடலை முதல் காட்சிக் கணக்கில் சேர்க்கமாட்டோம் என்று விழாக்கள் ஒரு விதி எழுதலாம். நிதி தருபவர்கள் திரும்பிப் போவதற்கான செலவைக் கட்டாயத் தலைப்பாக வைக்கலாம். மீனவக் கூட்டுறவுச் சங்கக் கட்டடத்திலோ ஊராட்சி நூலகத்திலோ ஒரு அலமாரியும் ஒரு கணினியும் இருந்தால், அடுத்த பொதுவிசாரணை நடக்கும் நாளில், பத்து ஆண்டுக்கு முன் முகத்துவாரம் எப்படி இருந்தது என்பதை ஊர்க்காரர்களே எடுத்துப்போட்டுக் காட்டுவார்கள்.